வெறுங்கால் வீடு

அத்தியாயம் 4

"என் நாய் ஓடிப் போகல. யாரோ பொய் சொல்றாங்க."

இதைச் சொல்லி முடிக்க மார்லிஸ் டெக்கருக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. முதல் நாள்தான் கடைவாய்ப் பல்லைப் பிடுங்கியிருந்தார்கள். வலது கன்னம் பன் மாதிரி உப்பியிருந்தது. வாயில் அடக்கிய பஞ்சை நாக்கால் ஒதுக்கி ஒதுக்கிப் பேசினாள்.

ஜூனோ துறைமுகத்தில், மீன் கடைக்கு மேலே, ஒற்றை அறையில் இருந்தது எய்னார் லிண்டின் துப்பறியும் அலுவலகம். எய்னார் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே கேட்டான். வயது முப்பத்தொன்று. பிப்ரவரியில் அவன் மனைவி சிக்னி சமையலறையில் நின்றுகொண்டிருந்தவள் அப்படியே விழுந்தாள்; எழவில்லை. அதன் பிறகு அவன் வேலையை விடவில்லை, குடிக்கவில்லை, அழவும் இல்லை. வந்த வழக்கையெல்லாம் எடுத்துக்கொண்டான். வேண்டாம் என்று சொல்ல ஒரு காரணம் வேண்டும். அதை யோசிக்க அலுப்பாக இருந்தது.

கேள்வி கேட்கும் வேலை பெர்லாவுடையது. ஐம்பது வயது. அப்பா காலத்தில் மணிலாவிலிருந்து மீன் பதப்படுத்த வந்த குடும்பம். அலுவலகத்தில் உதவியாளர் என்று பெயர். சம்பளத்தைத் தவிர மற்ற எல்லாவற்றிலும் அவள்தான் முதலாளி.

"நாயைக் கண்டுபிடிக்கணுமா, பொய்யைக் கண்டுபிடிக்கணுமா?" என்றாள் பெர்லா. "ரெண்டும்னா கொஞ்சம் சேர்த்துக் கேப்போம்."

"நாய்" என்றாள் மார்லிஸ்.

பஞ்சுக்கு நடுவே வந்த கதை இதுதான். ஹாலட் பனியாற்றின் மேல் கோடை முழுக்க ஒரு நாய் முகாம் நடக்கும். கப்பலில் வரும் சுற்றுலாக்காரர்களை ஒரு கம்பெனி ஹெலிகாப்டரில் மேலே கொண்டுபோய் இறக்கும். நாய்கள் இழுக்கும் வண்டியில் ஒரு சுற்று, பனியின் மேல் கொஞ்சம் நடை, நாய்களோடு படம், திரும்ப ஹெலிகாப்டர். வண்டியோட்டிகள் தங்கள் தங்கள் நாய்களோடு அங்கேயே கூடாரத்தில் இருப்பார்கள். மார்லிஸும் அவர்களில் ஒருத்தி. பல்லுக்காக இரண்டு நாள் கீழே வந்திருந்தாள். இன்று காலை முகாம் தலைவன் லோவெல் ரேடியோவில் கூப்பிட்டான். வண்டிக்கு முன்னால் ஓடி வழிகாட்டும் அவளுடைய தலைநாய் பிப்பா, கழுத்துப்பட்டை இற்று அறுந்து, மூடுபனியில் ஓடிப்போய்ப் பனிப்பிளவுகள் பக்கம் விழுந்துவிட்டது என்றான். கொஞ்ச நேரத்தில் கம்பெனியும் கூப்பிட்டது. இற்றுப்போன பட்டையில் நாயைக் கட்டிவிட்டுப் போகிறவளுக்குப் பனியில் இடமில்லை. இன்று மாலைக்குள் தன் நாய்களோடு இறங்கிவிட வேண்டும்.

"கோடைல உழைச்சாத்தான் குளிர்காலத்துல நாய்ங்களுக்குத் தீனி. இல்லேன்னா ஒவ்வொண்ணா யார்கிட்டயாவது குடுக்கணும். அதைக்கூட விடுங்க. அந்தப் பட்டை புதுசு. போன மாசம் நானே மாட்டினேன்."

எய்னார் எழுந்து கோட்டை எடுத்தான். அவன் சம்மதம் அவ்வளவுதான்.

*

ஹெலிகாப்டரில் ஏறுமுன் எல்லோரையும் எடைத் தட்டில் நிற்க வைத்தார்கள். பெர்லா கைப்பையை மார்லிஸிடம் கொடுத்துவிட்டு ஏறினாள். எண்ணைச் சத்தமாகப் படித்த பையனிடம், நீ கல்யாணம் ஆகாதவன், அதனால் மன்னித்தேன் என்றாள்.

பறந்தார்கள். காடு கீழே போயிற்று, மேகம் கீழே போயிற்று, பிறகு வெள்ளை மட்டும். சிக்னி இருந்தால் கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு வந்திருப்பாள். எய்னாருக்கு அந்த நினைப்பு வந்தது, ஒரு நிமிஷம் நின்றது, போய்விட்டது. அதன் பின்னால் துக்கம் எதுவும் வரவில்லை.

விமானியிடம் பெர்லா விசாரித்துக்கொண்டே வந்தாள். நேற்றுச் சாயங்காலம் இறங்கிய மூடுபனி இன்று பத்து மணிக்குத்தான் விலகியது, அதுவரை ஒரு ஹெலிகாப்டரும் மேலே போகவில்லை, கீழே வரவுமில்லை என்றான். பத்து மணிக்குப் பிறகு போனது வந்தது எல்லாம் அவன்தான். நாய் எதையும் ஏற்றவில்லை.

"அப்ப திருட்டு இல்ல" என்றாள் பெர்லா, தலையில் மாட்டிய ஒலிவாங்கியில். "நாயைத் திருடிட்டு பனிமேல சும்மா நின்னுட்டிருக்க முடியாது."

"வெளிய போகலேன்னா உள்ளதான் இருக்கணும்" என்றான் எய்னார். அன்று அவன் பேசிய முதல் முழு வாக்கியம்.

முகாமில் வெயில் கண்ணைக் குத்தியது. வரிசை வரிசையாக நாய்கள், ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு மரப்பெட்டி வீடு. நூறு நாய்களுக்கு மேல் இருக்கும். கடைசி இரண்டு வரிசைகளில் ஒன்று மார்லிஸுடையது, அடுத்தது லோவெலுடையது. அவற்றுக்கு அப்பால் கூடாரங்கள். மற்ற வண்டியோட்டிகள் வண்டிப் பாதையைச் சீராக்கப் போயிருந்தார்கள்.

லோவெல் காப்பிக் கெட்டிலோடு வந்தான். உயரம், தாடி, கண்ணாடி போட்ட இடம் மட்டும் வெளுத்து மற்ற இடமெல்லாம் வெயிலில் காய்ந்த முகம். பதினைந்து கோடைகளாகப் பனியில் இருப்பவன். மார்லிஸைப் பார்த்ததும் கெட்டிலைக் கீழே வைத்துவிட்டு அவள் தோளைப் பிடித்தான். வருத்தமாக இருக்கிறது என்றான். உண்மையாகவே வருத்தமாக இருப்பவன் மாதிரிதான் இருந்தது. எய்னார் அதைக் கவனித்து வைத்துக்கொண்டான்.

துப்பறிகிறவர்கள் என்று சொன்னதும் லோவெல் தடுக்கவில்லை. என்ன வேண்டுமோ பாருங்கள், மூன்று மணிக்கு அடுத்த கூட்டம் வருகிறது, அதற்குள் முடித்துக்கொள்ளுங்கள் என்றான். அறுந்த பட்டையைக் கொண்டுவந்து காட்டினான். மஞ்சள் நிறம், மார்லிஸின் நாய்கள் எல்லாவற்றுக்கும் மஞ்சள்தான். நார் நாராகப் பிரிந்திருந்தது.

பெர்லா அதை வாங்கிப் புரட்டினாள். பிறகு மூக்கில் வைத்து முகர்ந்தாள்.

"மார்லிஸ், உங்க நாய் செண்ட் போட்டுக்குமா?"

"என்னது?"

"நாய் வாசனையே இல்ல. அடுப்பு எண்ணெய் வாசனைதான் வருது."

மார்லிஸ் பிடுங்கி முகர்ந்தாள். அவள் முகம் மாறியது. இது போன வருஷத்துப் பட்டை என்றாள். கூடாரத்தில், அவள் பெட்டிக்குள், அடுப்பு எண்ணெய் டின்னுக்குப் பக்கத்தில் கிடந்தது.

லோவெல் தோளைக் குலுக்கினான். வரிசையில் இதுதான் கிடந்தது. யார் மாற்றி மாட்டினார்களோ, மார்லிஸ் இல்லாத இரண்டு நாளும் அவளுடைய நாய்களை ஆளுக்கு ஆள் பார்த்துக்கொண்டார்கள் என்றான். குரல் ஏறவில்லை. ஆனால் காப்பியை ஊற்ற மறந்துவிட்டிருந்தான்.

அடுத்து காலடித் தடத்தைக் காட்டினான். முகாமுக்கு வெளியே, பிளவுகள் இருக்கும் சரிவை நோக்கி ஒரு நாயின் தடம் போயிற்று. கோடு கிழித்த மாதிரி நேராக.

"இது பிப்பா இல்ல" என்றாள் மார்லிஸ். "எந்த நாயுமே இல்ல. கட்டு அவுந்த நாய் முதல்ல தீனிப் பீப்பாய்கிட்டப் போகும். அப்புறம் மத்த நாய்ங்க ஒவ்வொண்ணையும் போய் வம்புக்கிழுக்கும். ஒரு மணி நேரம் கழிச்சுத்தான் ஊரைச் சுத்தப் போகும்."

"என் முதல் புருஷனும் அதே வரிசைலதான்" என்றாள் பெர்லா.

எய்னார் தடத்துக்குப் பக்கத்தில் குனிந்தான். அதை ஒட்டி, ஒரு கை தூரத்தில், பனி லேசாகத் துடைத்துவிடப்பட்டிருந்தது. நாயின் கூடவே யாரோ நடந்திருக்கிறார்கள். நடந்ததை மறைத்திருக்கிறார்கள். ஏதோ ஒரு நாயைக் கயிற்றில் பிடித்துக் கொண்டுபோய்த் திரும்பக் கூட்டிவந்து, வந்த தடத்தைத் துடைத்துவிட்டால் இப்படித்தான் இருக்கும்.

பட்டை பொய். தடம் பொய். நாய் எங்கே?

*

நாயைத் தேடி வரிசைகளுக்கு நடுவே நடந்தார்கள். மார்லிஸ் ஒவ்வொரு பெட்டிக்குள்ளும் குனிந்து பார்த்தாள். தன் நாய் எந்த வேஷத்தில் இருந்தாலும் தெரியும் என்றாள். நாய்கள் வாலை ஆட்டின. சில பெர்லாவின் மேல் ஏறி முகத்தை நக்கின. இந்த வருஷத்தில் எனக்குக் கிடைத்த முதல் முத்தம் என்று அவள் ஒன்றிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

எய்னார் நாய்களைப் பார்க்கவில்லை. பெட்டிகளைப் பார்த்தான். வெயில் நாலு பக்கமும் பனியைத் தின்றுவிடும். பெட்டியின் நிழலில் இருக்கும் பனி மட்டும் கரையாமல் நிற்கும். அதனால் நாலைந்து நாள் நகர்த்தாமல் விட்டால் ஒவ்வொரு பெட்டியும் ஒரு பனிப் பீடத்தின் மேல் ஏறி உட்கார்ந்திருக்கும். பிறகு ஒருநாள் எல்லோருமாகச் சேர்ந்து பெட்டிகளை இறக்கிச் சமதளத்துக்கு நகர்த்துவார்கள். அந்த வேலை நாளைக்கு. ஆகவே இன்று எல்லாப் பெட்டியும் முழங்கால் உயரத்தில் நின்றது. நாய்கள் குதித்து ஏறின, குதித்து இறங்கின.

மார்லிஸின் வரிசை வந்தது. பிப்பாவின் பெட்டி வரிசையில் மூன்றாவது. சங்கிலி மட்டும் பனியில் கிடந்தது. அவன் நின்றான்.

பெர்லாவும் நின்றாள். தலையைச் சாய்த்துப் பார்த்தாள்.

"எல்லா வீடும் ஹை ஹீல்ஸ் போட்டிருக்கு முதலாளி. இது மட்டும் ஏன் வெறுங்கால்ல நிக்குது?"

பிப்பாவின் பெட்டி தரையோடு தரையாக இருந்தது. மார்லிஸ் வந்ததிலிருந்து அதை இரண்டு தடவை தாண்டிப் போயிருந்தாள். அவள் கண் நாயைத் தேடியதே தவிர வீட்டைப் பார்க்கவில்லை. இப்போது பார்த்தாள். 

எய்னார் லோவெலைக் கூப்பிட்டுக் கேட்டான். லோவெல் உடனே பதில் சொன்னான். காலையில் நாய் அடியில் புகுந்திருக்குமோ என்று பார்க்கத் தானே பெட்டியை நகர்த்தியதாகச் சொன்னான்.

"சரி" என்றான் எய்னார். "அப்ப பீடம் எங்க?"

"எந்தப் பீடம்?"

"பெட்டியை நகர்த்தினா பீடம் அங்கயே நிக்கணும். மொட்டையா. இந்த வரிசைல மொட்டைப் பீடம் ஒண்ணுகூட இல்ல. அதோட, நீங்க நகர்த்தவும் இல்ல. மத்த பெட்டிக்கெல்லாம் என்ன இடைவெளியோ அதே இடைவெளிலதான் இதுவும் இருக்கு. பெட்டி இருந்த இடத்துலயே இருக்கு. கீழ இருந்த பனிதான் காணோம்."

பீடத்தை வெட்டி எடுத்தேன் என்று லோவெல் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. எய்னாரைப் பார்க்காமல், மார்லிஸையும் பார்க்காமல், தன் நாய்களின் வரிசையைப் பார்த்தான்.

"பனி ரெண்டு வழியாத்தான் போகும்" என்றான் எய்னார். "கரைஞ்சு போகும். ஒரே ராத்திரில, மூடுபனில, இவ்வளவு உயரம் கரையாது. இல்லேன்னா—"

மார்லிஸ் அவனை முடிக்க விடவில்லை. பெட்டியின் மேல் பாய்ந்து இரண்டு கையாலும் இழுத்தாள். பெர்லா கூட வந்து தள்ளினாள். பெட்டி சறுக்கியது. அடியில் அரை விரற்கடைப் பனி, அதற்குக் கீழே கூடாரத்துத் தரைப்பலகை ஒன்று. பலகையைத் தூக்கினார்கள்.

தரையில் ஒரு வாய் திறந்திருந்தது. ஓர் ஆள் தோளை ஒடுக்கிக்கொண்டு நுழையும் அகலம். விளிம்பில் வெள்ளை, கொஞ்சம் கீழே நீலம், அதற்கும் கீழே எதுவும் தெரியவில்லை. குளிர்காற்று மேலே வந்தது.

முகாமின் நடுவிலேயே பனி பிளந்திருந்தது. சுற்றுலாக்காரர்கள் நாய்களோடு படம் எடுக்க நிற்கும் இடத்தில்.

லோவெல் கெட்டிலுக்குப் பக்கத்தில் பனியில் உட்கார்ந்துவிட்டான். யாரும் கேட்காமலே பேச ஆரம்பித்தான். விடிகிற நேரத்தில் தீனி வைக்க வந்தபோது பெட்டி ஒரு பக்கமாகச் சாய்ந்து ஓட்டையில் மாட்டிக்கொண்டிருந்தது, நாயைக் காணோம், சங்கிலி வளையம் பிய்ந்து தொங்கிக்கொண்டிருந்தது. குப்புறப் படுத்து மூன்று தடவை பெயர் சொல்லிக் கூப்பிட்டான். பதில் இல்லை. செத்துவிட்டது என்று நினைத்தான். முகாமுக்குள் பிளவு என்று கம்பெனிக்குத் தெரிந்தால் அன்றைக்கே மூடிவிடுவார்கள். பாதிக் கோடை பாக்கி இருந்தது. எல்லோருடைய நாய்களுக்கும் குளிர்காலத் தீனி பாக்கி இருந்தது. அவனுடையவற்றுக்கும்தான்.

"ஒரு நாய் செத்தா யாரோட தப்பாவது இருக்கணும்" என்றான். "நீ இங்க இல்ல மார்லிஸ். அதான். நாளைக்கு எல்லாத்தையும் நகர்த்தும்போது சத்தமில்லாம முகாமைத் தள்ளிப் போட்டிருப்பேன்."

"இன்னிக்கு மூணு மணிக்கு வர்றவங்க இது மேல நடந்திருப்பாங்க" என்றாள் பெர்லா. அதில் கிண்டல் இல்லை.

மார்லிஸ் எதையும் கேட்டதாகத் தெரியவில்லை. பிளவின் விளிம்பில் மண்டியிட்டிருந்தாள். பெயரைச் சொல்லிக் கூப்பிடப்போகிறாள் என்று எய்னார் எதிர்பார்த்தான். அவள் எழுந்து தன் வண்டிக்குப் போனாள். அங்கே தொங்கிய சேணங்களில் ஒன்றை எடுத்தாள். உயரத் தூக்கி, கொக்கிகள் ஒலிக்க உதறினாள்.

முகாம் வெடித்தது. வண்டி கிளம்பப்போகிறது என்று நூறு நாய்களும் கத்தின. சங்கிலி இழுபடக் குதித்தன, ஊளையிட்டன, என்னைக் கூட்டிப்போ என்னைக் கூட்டிப்போ என்று ஒவ்வொன்றும். பெர்லா காதைப் பொத்திக்கொண்டாள். மார்லிஸ் சேணத்தை உதறிக்கொண்டே பிளவின் விளிம்புக்கு வந்து நின்றாள். பிறகு அதைச் சட்டென்று முதுகுக்குப் பின்னால் மறைத்தாள்.

வண்டி போகவில்லை என்று தெரிந்தால் இந்த நாய்கள் எல்லாம் ஒரே நொடியில் நிறுத்திவிடும். யாரோ கதவைச் சாத்திய மாதிரி. அப்படியே நிறுத்தின.

கீழே இருப்பதற்கு அது தெரியாது. நீலத்துக்குள்ளிருந்து ஒரு குரல் மட்டும் இன்னும் கத்திக்கொண்டிருந்தது.

*

யார் இறங்குவது என்பதில் விவாதம் அதிகம் இல்லை. லோவெலின் தோள் நுழையாது. மார்லிஸுக்குப் பல் டாக்டர் கொடுத்த மாத்திரையில் கை நடுங்கியது. பெர்லா தன் இடுப்பைக் காட்டி, இதுவரைக்கும் இறங்கும், அப்புறம் பாட்டிலுக்கு மூடி போட்ட மாதிரி நின்றுவிடும் என்றாள்.

எய்னார் கோட்டைக் கழற்றினான்.

முகாமில் கயிறு இருந்தது, மீட்புக் கொக்கிகள் இருந்தன. அவற்றை உபயோகித்துப் பழக்கமுள்ள ஒரே ஆள் லோவெல். வண்டியைப் பனியில் புதைத்து, கயிற்றை அதில் சுற்றி, முடிச்சுகளை ஒவ்வொன்றாகச் சோதித்தான். பெர்லா எய்னாரைத் தனியே இழுத்தாள்.

"ஓட்டையை மூடி வெச்சவன்கிட்ட கயித்தைக் குடுத்துட்டு ஓட்டைக்குள்ள இறங்கறியா?"

"அவனுக்குத்தான் தெரியும்."

"அவனுக்கு நிறையத் தெரியும். அதான் பயம்."

எய்னாருக்குப் பயம் இல்லை. அதை ஒரு தகவல் மாதிரித் தெரிந்துகொண்டான். மார்லிஸ் சேணத்தை அவன் கழுத்தில் மாட்டிவிட்டாள். இதைக் காட்டுங்கள், பெயரைச் சொல்லாதீர்கள், பெயருக்குத் திரும்ப மாட்டாள், சேணத்துக்குத்தான் வருவாள் என்றாள். இறங்கினான்.

சுவர்கள் நெருங்கின. முகத்துக்கு முன்னால் நீலம், பின்னால் நீலம். எங்கோ தண்ணீர் ஓடும் சத்தம். சட்டை நனைந்தது. மேலே இருந்த வெளிச்சம் ஒரு தட்டு அளவானது, பிறகு ஒரு கரண்டி அளவு. கால் எதிலோ தட்டியது. பனிக்கட்டி ஒன்று, பிளவு குறுகும் இடத்தில் ஆப்பு அடித்த மாதிரிச் சிக்கி நின்றது. காணாமல் போன பீடம். அதன் மேல், மஞ்சள் பட்டையோடு, பிப்பா நின்றிருந்தாள்.

கையை நீட்டினான். அவள் கடித்தாள்.

பல் உள்ளங்கையில் இறங்கியது. எய்னார் கையை இழுத்துக்கொண்டு பார்த்தான். ரத்தம் வந்தது. இவ்வளவு குளிரில் அது சூடாக இருந்தது. சுரீரென்று வலித்தது, தோள் வரை. சற்று நேரம் அந்த வலியையே பார்த்துக்கொண்டு நின்றான்.

பிறகு சேணத்தைக் கழுத்திலிருந்து கழற்றிக் காட்டினான். நாயின் காது நிமிர்ந்தது. தலையை அவளாகவே வளையத்துக்குள் நுழைத்தாள், ஒரு காலைத் தூக்கினாள், மறு காலைத் தூக்கினாள், சட்டை போட்டுவிடச் சொல்லும் குழந்தை மாதிரி. போகலாம் என்று முன்னால் சாய்ந்தாள். போக வழியில்லை என்பது அவளுக்குப் பொருட்டில்லை.

ஒரே கயிறுதான். நாயையும் ஆளையும் சேர்த்து இழுத்தால் மேலே குறுகலில் சிக்கும். எய்னார் கொக்கியைத் தன்னிடமிருந்து கழற்றி நாயின் சேணத்தில் மாட்டினான். இழு என்று கத்தினான். நாய் சுழன்று சுழன்று மேலே போயிற்று. வெளிச்சத்தை மறைத்தது. பிறகு வெளிச்சம் வந்தது.

கயிறு வரவில்லை.

பீடத்தின் மேல் நின்றான். அது சிறிது அசைந்தது. மேலே பேச்சு கேட்டது. முதலில் மார்லிஸின் அழுகை, அப்புறம் லோவெலின் குரல். சுவர் வழியாக இறங்கி வந்ததில் பாதிதான் புரிந்தது. நாய் தானாகத் திரும்பி வந்தது என்று சொல்லிவிடலாம். நீயும் போக வேண்டாம், யாரும் போக வேண்டாம். இன்றைக்கு இந்த வரிசைப் பக்கம் யாரையும் விடாமல் நான் பார்த்துக்கொள்கிறேன். பதினைந்து வருஷத்தில் ஒரு ஆளுக்கு ஒன்று ஆகியிருக்கிறதா, சொல்லு.

கயிறு இன்னும் வரவில்லை. எய்னார் தலையைத் தூக்கி அந்தச் சிறிய வெளிச்சத்தைப் பார்த்தான். கயிறு வர வேண்டும் என்று இருந்தது. வந்தால் வரட்டும், வராவிட்டால் போகட்டும் என்று இல்லை. வர வேண்டும். கடிபட்ட கையைச் சுவரில் ஊன்றிக்கொண்டு, அடித்தொண்டையிலிருந்து கத்தினான்.

"கயிறு!"

"லோவெல்" என்று பெர்லாவின் குரல் கேட்டது, மிக மரியாதையாக. "பேரத்தை அப்புறம் பேசிக்கலாம். என் முதலாளி இந்த மாசச் சம்பளம் இன்னும் போடல."

கயிறு வந்தது.

*

விளிம்பில் அவனை இழுத்துப் போட்டது லோவெல்தான். அவனுடைய உள்ளங்கைகளும் கயிறு உராய்ந்து தோல் உரிந்திருந்தன. இருவரும் பக்கத்தில் பக்கத்தில் கிடந்து மூச்சு வாங்கினார்கள். பெர்லா கோட்டை எய்னாரின் மேல் போட்டாள். அவன் கையைப் பார்த்தாள்.

"கடிச்சிருச்சா?"

"வலிக்குது" என்றான் எய்னார்.

 பெர்லா கைக்குட்டையை எடுத்து இறுக்கிக் கட்டினாள், தேவைக்கு மேல் இறுக்கி.

அப்போது தூரத்தில் ஹெலிகாப்டர் சத்தம். மூன்று மணிக் கூட்டம். சரிவின் மேலே ஒரு புள்ளி தெரிந்தது. நாய்கள் எழுந்து நின்றன.

மார்லிஸ் பனியில் உட்கார்ந்து பிப்பாவை மடியில் வைத்திருந்தாள். அவளுடைய ரேடியோ பக்கத்தில் கிடந்தது. லோவெல் முழங்கையில் எழுந்தான்.

"நாய் கிடைச்சிருச்சு" என்றான். "உன் இடம் உனக்குத்தான். நான் கம்பெனிகிட்டப் பேசறேன். மூடிட்டா உனக்கும் சேர்த்துத்தான் போகுது. உன் மத்த நாய்ங்களுக்கும் சேர்த்துத்தான். யோசி."

அவள் யோசித்தாள். எய்னார் அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.   மார்லிஸ் வாயிலிருந்த பஞ்சை எடுத்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டாள். பனியில் எதையும் போடக் கூடாது. ரேடியோவை எடுத்தாள். இந்த முறை வார்த்தை முழுசாக வந்தது.

"ஹாலட் முகாம் பேசறேன். இறங்க வேணாம், திரும்பிப் போ. முகாமுக்குள்ள தரை பிளந்திருக்கு. நாய் ஒண்ணு விழுந்து தூக்கியிருக்கோம். முகாமை மூடறோம்."

கொஞ்ச நேரம் இரைச்சல். பிறகு விமானியின் குரல். யார் பேசறது, லோவெல் எங்கே என்று கேட்டது. மார்லிஸ் ரேடியோவை நீட்டினாள். லோவெல் அதைப் பார்த்தான். தோல் உரிந்த கையால் வாங்கினான்.

"லோவெல். அவ சொல்றது சரி. பிளவு இருக்கு." நிறுத்தினான். "நான்தான் மூடி வெச்சேன்."

புள்ளி காற்றில் ஒரு கணம் நின்றது. பக்கவாட்டில் சாய்ந்தது. வந்த வழியே திரும்பிப் போயிற்று. உள்ளே உட்கார்ந்திருந்தவர்களுக்கு வானிலை சரியில்லை என்று சொல்லியிருப்பார்கள்.

ரேடியோ மறுபடி இரைந்தது. கீழே கம்பெனி விழித்துக்கொண்டது போலிருந்தது. இருக்கிற ஹெலிகாப்டர்களையெல்லாம் அனுப்புகிறோம், இருட்டுவதற்குள் எல்லா நாய்களையும் இறக்க வேண்டும், முதலில் யாருடைய நாய்களை ஏற்றுவது என்று ஒரு பெண் குரல் கேட்டது. லோவெல் ரேடியோவை மார்லிஸிடம் கொடுத்தான். காலையிலிருந்து கீழே போகச் சொல்லப்பட்டவள் அவள்தான்.

மார்லிஸ் பிளவைப் பார்த்தாள். அது தன் வரிசையிலிருந்து எந்தப் பக்கம் நீளுகிறது என்று கண்ணால் அளந்தாள்.

"லோவெலோடதை" என்றாள். "இது அவன் வரிசைப் பக்கம்தான் போகுது."